நெருப்பும் இறைச்சியும்: இரு சமையற்குறிப்புகள் பற்றி ஒரு விமர்சனம்

கவிதைக்கு விமர்சனம் உண்டு; நாவலுக்கு உண்டு; நாடகத்திற்கும் சினிமாவிற்கும் உண்டு. தமிழில் நாள்தோறும் பல்லாயிரவர் படித்து, படித்தவாறே செய்தும் பார்க்கும் ஓர் எழுத்துவகைக்கு மட்டும் விமர்சனம் இல்லை. அதுதான் சமையற்குறிப்பு. மக்களின் வாழ்வைத் தொடும் எழுத்து யாவும் விமர்சகனின் கவனத்துக்குரியது என்று மேடைகளில் முழங்கும் நாம், அக்கொள்கையைக் குசினியின் வாசற்படியிலேயே இறக்கி வைத்துவிடுகிறோம். சமையற்குறிப்பு பெண்கள் பகுதிக்குரியது. பெண்கள் பகுதி பத்திரிகையின் கடைசிப் பக்கங்களுக்குரியது. கடைசிப் பக்கங்கள் விமர்சனத்துக்குரியனவல்ல. இவ்வாறு ஒரு தர்க்கம் நம்மிடையே சொல்லாமலே நிலைபெற்றிருக்கிறது.

இத்தர்க்கத்தை மறுப்பதற்கு ஒரு சந்தர்ப்பம் அண்மையில் வாய்த்தது. ஒரே உணவைப் பற்றிய இரு குறிப்புகள் ஒரே வாரத்தில் எமது கைக்கு வந்தன. ஒன்று, வார இதழொன்றில் வெளியானது. ‘கொரிய முறை இறைச்சி மரக்கறிப் பிரட்டல்’ என்பது அதன் தலைப்பு. பளபளப்பான வர்ணப் படமும் உண்டு. மற்றையது, எமது பழைய மாணவன் ஒருவன் அப்பியாசக் கொப்பியின் நடுத்தாளில் எழுதியது. அதற்குத் தலைப்பே இல்லை. தாளின் மூலையில் எண்ணெய்க் கறை ஒன்று உண்டு. இரண்டையும் பக்கத்திற் பக்கமாக வைத்துக்கொண்டு, ஒருகொடவத்தையிலுள்ள எமது சிறிய குசினியில் அவ்வுணவைச் சமைத்தோம். சமைக்கும்போது எழுந்த எண்ணங்களே இக்கட்டுரை.

*

முதலில் உணவைப் பற்றிச் சில வார்த்தைகள். கொரியர் இதனைப் புல்கோகி என்பர். ‘புல்’ என்பது நெருப்பு. ‘கோகி’ என்பது இறைச்சி. மாட்டிறைச்சியைத் தாள்போல மெல்லியதாகச் சீவி, சோயா சோஸ், சீனி, உள்ளி, மிளகு, எள்ளெண்ணெய், அரைத்த பேரிக்காய் ஆகியவற்றில் ஊறவைத்து, வெங்காயம், கரட், லீக்ஸ், காளான் என்பவற்றோடு கடுந்தீயில் வாட்டி எடுப்பது அதன் முறை. ஜொசொன் அரசின் காலத்தில் மேட்டுக்குடியினரின் இல்லங்களிலே நொபியானி என்ற பெயரில் வழங்கிய உணவே இதற்கு முன்னோடி என்பர். மிளகாய் இதிற் சேராது. கொரியாவிற்கும் நமக்கும் மிளகாய் ஒரே புதிய உலகத்திலிருந்து ஏறத்தாழ ஒரே நூற்றாண்டில் வந்து சேர்ந்ததுதான். இரு நாட்டாரும் அதனை ஆதிமுதல் தமக்கே உரியதுபோலப் பாராட்டுவர். ஆயினும் இந்த உணவில் அதற்கு இடமில்லை.

வார இதழின் குறிப்பு இவ்வாறு தொடங்குகிறது: இறைச்சி 500 கிராம் எடுக்கவும், மெல்லியதாக நறுக்கவும், ஊற வைக்கவும், பலத்த தீயில் பிரட்டவும். எல்லாம் வியங்கோள். வியங்கோள் வினை இடமும் பாலும் கடந்து எங்கும் செல்லும் என்பது நன்னூலார் கொள்கை. இலக்கணத்தில் அது ஒரு சிறப்பு. சமையற்குறிப்பிலோ அது ஒரு மறைப்பு. எடுப்பவர் யார், நறுக்குபவர் யார், ஊறும் அரைமணி நேரம் யாருடைய அரைமணி நேரம் என்ற வினாக்கள் அந்த ‘உம்’ விகுதிக்குள்ளே புதைந்துபோகின்றன. வாக்கியத்துக்கு எழுவாய் இல்லை; ஆகவே உழைப்புக்கும் உரியவர் இல்லை.

‘இறைச்சி 500 கிராம்’ என்னும் தொடரை நோக்குக. எந்த இறைச்சி? ஈழத்துத் தமிழ் வழக்கில் அடையின்றி ‘இறைச்சி’ என்றால் பெரும்பாலும் ஆட்டிறைச்சியையே குறிக்கும். புல்கோகி ஆட்டிறைச்சியில் ஆவதன்று. குறிப்பை எழுதியவருக்கு அது தெரியாதிருக்க நியாயமில்லை. படத்திலுள்ள இறைச்சியின் சிவப்பே அதனைச் சொல்கிறது. ஆயினும் ‘மாடு’ என்ற இரண்டெழுத்துச் சொல் அக்குறிப்பில் ஓரிடத்திலேனும் இல்லை. அந்நிய நாட்டு உணவு நாகரிகத்தின் அடையாளமாக வரலாம். அதற்குள்ளிருக்கும் மாடு மட்டும் பெயரின்றி வரவேண்டும். இது எழுத்தாளரின் கைப்பிழையன்று. ஒரு சமூகத்தின் மௌனம்.

மாணவனின் குறிப்பைப் பாருங்கள். அவன் முதல் வரியிலேயே ‘மாட்டிறைச்சி அரைக் கிலோ, கொழுப்புக் கொஞ்சம் இருக்கட்டும்’ என்று எழுதுகிறான். அடுத்த வரியில், ‘அரைகுறையாக உறைந்திருக்கும்போது சீவினால் மெல்லிசாக வரும், நாருக்குக் குறுக்கே வெட்ட வேண்டும்’ என்கிறான். இறைச்சியைக் கையாலே தொட்டவனன்றி மற்றவன் இவ்வரியை எழுத முடியாது. வார இதழ்க் குறிப்பு பேரிக்காய் இல்லாதவருக்கு வழி கூறவில்லை. மாணவனிடம் தொலைபேசியிற் கேட்டோம். “பப்பாசிக்கா இருந்தா துருவிப் போடுங்க டீச்சர். ஆனா ஒரு கரண்டிதான். கூடினா, நேரம் போனா, இறைச்சி களியாப் போயிரும்” என்றான். பப்பாசிக்காயின் பால் இறைச்சியின் நாரை இளக்கும் என்பதை நம் பாட்டிமார் அறிவர். கொரியப் பாட்டிமார் அதே வேலைக்குப் பேரிக்காயைக் கண்டறிந்தனர். அறிவு என்பது ஏட்டிலிருந்து மட்டும் பிறப்பதன்று.

அவன் சொன்னவாறே செய்தோம். சோயா சோஸ் நான்கு மேசைக்கரண்டி, சீனி இரண்டு, உள்ளி ஆறு பல்லு, மிளகுத்தூள் சிறிது, நல்லெண்ணெய் ஒரு மேசைக்கரண்டி. கொரியர் எள்ளை நன்றாக வறுத்து ஆட்டுவதால் அவர்களது எண்ணெய் கறுத்து, மணம் மிகுந்திருக்கும். நமது நல்லெண்ணெய் அத்துணை மணப்பதில்லை. ஆதலால் ஒரு பிடி எள்ளை வறுத்து இடித்துச் சேர்த்தோம். அரைமணி நேரம் ஊறிய பின், தாச்சி புகையும்வரை காய்ந்ததும், இறைச்சியைச் சிறிது சிறிதாக இட்டோம். ஒருங்கே கொட்டினால் நீர் விட்டு அவிந்துவிடும், வாட்டம் வராது. ‘பலத்த தீயில்’ என்று ஒற்றைச் சொற்றொடரில் இதழ் கூறிச் செல்லும் தீ, 2022இல் எரிவாயு உருளையை வீதியில் வரிசையாக அடுக்கிவிட்டு இரவும் பகலும் காத்துக்கிடந்த குடும்பங்களுக்கு ஒற்றைச் சொற்றொடரன்று. நெருப்பும் விலைக்கு வாங்கும் பண்டமே.

*

இனி அந்த மாணவனைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவனை அறியாது அவன் எழுத்தை மதிப்பிட இயலாது.

ஒருகொடவத்தையை வாசகர் பலர் அறிந்திருப்பர்; கடந்து சென்றிருப்பர்; நின்றிருக்கமாட்டார்கள். பேஸ்லைன் வீதியும் அவிசாவளை வீதியும் சந்திக்கும் பக்கம், கொள்கலன் லொறிகள் ஓயாது உறுமும் இடம். துறைமுகத்தில் இறங்கும் பொருள்கள் நகருக்குள் நுழையுமுன் தங்கிச் செல்லும் களங்கள் அங்கே உள்ளன. தமிழரும் முஸ்லிம்களும் சிங்களவரும் ஒரே ஒழுங்கைகளில் வாழும் இப்பகுதியிலே, கொரியாவின் பெயரைத் தாங்கிய தொழிற்பயிற்சி நிலையம் ஒன்றும் உண்டு. கொரியா நமக்குத் தூரதேசமன்று. அடுத்த தெருவிலிருக்கும் ஒரு வாசல்.

அந்த வாசலால் நுழைந்தவர்களில் அவனும் ஒருவன். தந்தையார் கொள்கலன் களத்தில் நாட்கூலி. தாயார் வெள்ளவத்தையில் ஒரு வீட்டிற் சமையல் வேலை. தென்கொரியா 2004இல் வெளிநாட்டுத் தொழிலாளருக்கான அனுமதி முறையைக் கொண்டுவந்தபோது அதில் முதலிலேயே கையொப்பமிட்ட நாடுகளுள் இலங்கையும் ஒன்று. அம்முறையிற் செல்ல விரும்புவோர் கொரிய மொழிப் பரீட்சையிற் சித்தியடைதல் வேண்டும். தமிழ்ப் பாடத்தில் யாப்பிலக்கணத்தை வெறுத்த அம்மாணவன், கொரிய எழுத்துகளைச் சில வாரங்களிற் கற்றுக்கொண்டான்.

“அப்பாவை அவங்களும் அப்பான்னுதான் சொல்றாங்க டீச்சர்” என்று அவன் வியந்தது நினைவிருக்கிறது. இவ்வொலியொற்றுமையைக் கண்டு நமது அறிஞர் சிலர் மயங்குவதுண்டு. ஹோமர் ஹல்பர்ட் என்ற அமெரிக்கர் கொரிய மொழியையும் திராவிட மொழிகளையும் ஒப்பிட்டு 1905இல் ஒரு நூலே வெளியிட்டார். இன்றைய மொழியியலாளர் அவ்வுறவை ஏற்பதில்லை. ‘அப்பா’, ‘அம்மா’ போன்ற சொற்கள் குழந்தையின் வாயில் எந்நாட்டிலும் எளிதிற் பிறப்பவை. தமிழுக்கும் கொரியத்துக்குமுள்ள உண்மையான உறவை அறிய வேண்டுமாயின், அகராதியைப் புரட்டுவதிலும் கட்டுநாயக்காவின் புறப்பாட்டு வரிசையைப் பார்ப்பது நன்று. அது இரத்த உறவன்று, கூலி உறவு.

அவன் நான்காண்டுகளுக்கு மேல் அங்கே ஒரு வார்ப்பட ஆலையில் வேலை செய்தான். அவனது குறிப்பில் ‘பலத்த தீ’ என்ற தொடர் இல்லை. ‘கை கிட்டப் போகமுடியாத சூடு’ என்று எழுதியிருக்கிறான். எந்தச் சூட்டை அளவாக வைத்துக்கொண்டு அவன் அவ்வரியை எழுதினான் என்பதை நாம் ஊகிக்கலாம்.

அக்குறிப்பின் நடுவிலே சமையலோடு தொடர்பற்றது போன்ற ஒரு வாக்கியம் வருகிறது: ‘நாங்கள் அங்கே அதிகம் சாப்பிட்டது பன்றிதான், மாடு விலை.’ கொரிய நாட்டு மாட்டின் இறைச்சி அந்நாட்டு மக்களுக்கே விருந்துப் பண்டம். தொழிலாளர் விடுதிக்கு அது எட்டாது. அறுவடைத் திருநாளிலே ஆலையுரிமையாளரின் முதிய தாயார் ஒரு பாத்திரம் நிறையப் புல்கோகி கொண்டுவந்து, இலையிற் சுற்றி அவனுக்கு ஊட்டினாராம். அவரிடம் கேட்டு எழுதிய குறிப்புத்தான் இது. அந்த மூதாட்டியின் அன்பு உண்மையானது. அதே ஆலையை விட்டு வேறோர் ஆலைக்கு மாறுவதற்கு அவர் மகனின் இணக்கமின்றி அவனால் இயலாதிருந்தது என்பதும் உண்மையானது. தனிமனிதரின் நல்லுள்ளம் ஓர் அமைப்பின் விலங்கைக் கழற்றிவிடுவதில்லை.

2025 யூலையில் தென்கொரியாவின் நாஜு நகரிலுள்ள செங்கல் ஆலையொன்றில், இலங்கைத் தொழிலாளி ஒருவரைச் செங்கற்களோடு சேர்த்துக் கட்டிப் பாரந்தூக்கி வண்டியால் உயர்த்தி எள்ளி நகைக்கும் காட்சி வெளியாயிற்று. அந்நாட்டு ஜனாதிபதியே அதனை வெளிப்படையாகக் கண்டித்தார். 2017இல் அதே நாட்டின் ஒரு கிராமத்திலே, தீப்பற்றிய வீட்டுக்குள் புகுந்து முதிய பெண்ணொருவரை மீட்டுத் தீக்காயமடைந்தவரும் ஓர் இலங்கைத் தொழிலாளிதான். மறு ஆண்டில் அவருக்கு நிரந்தர வதிவுரிமை வழங்கப்பட்டது. நெருப்புக்குள் இறங்கி வீரனென்று நிறுவினாற்றான் ஒரு தொழிலாளி மனிதனாகக் கொள்ளப்படுவானாயின், ஏனையோரின் நிலை யாது? வார இதழின் வர்ணப் படத்தில் இக்கேள்விக்கு இடமில்லை. எண்ணெய்க் கறை படிந்த தாளில் இடமுண்டு.

*

மாட்டிறைச்சியை உண்பது ஒன்று. மாட்டை அறுப்பது வேறொன்று. முன்னதைச் சிறப்பெனவும் பின்னதை இழிவெனவும் வகுத்துக்கொள்வது நமது சமூகத்துக்கு மட்டும் உரியதன்று. கொரிய வரலாறு இதற்குத் தெளிவான சான்று.

பௌத்தம் ஓங்கியிருந்த கொர்யோ அரசில் புலால் உணவு ஒதுக்கப்பட்டது. 13ஆம் நூற்றாண்டில் மங்கோலியர் மேலாதிக்கத்தின் பின் அது மீண்டும் பரவிற்று. 1392இல் எழுந்த ஜொசொன் அரசு, உழவு மாட்டைக் காக்கும் பொருட்டு மாடறுப்பைப் பலமுறை தடைசெய்தது. ஆயினும் அரண்மனையிலும் பிரபுக்களின் இல்லங்களிலும் மாட்டிறைச்சி நின்றபாடில்லை. நின்றது யாதெனின், அதனை அறுத்தவனின் மானமே. பெக்ஜொங் எனப்பட்ட கசாப்புக் குலத்தார் ஊருக்குப் புறம்பே வாழவேண்டும். ஓட்டு வீடு கட்டலாகாது. பிறர் அணியும் தொப்பியை அணியலாகாது. பிற குலத்தில் மணம் செய்யலாகாது. யாழ்ப்பாணத்து வாசகர் எவருக்கேனும் இப்பட்டியல் புதிதாகத் தோன்றுமோ?

1894இல் சட்டம் அவ்விழிவை நீக்கிற்று, வழக்கம் நீக்கவில்லை. 1923 ஏப்பிரலில் ஜின்ஜு நகரிலே அம்மக்கள் ஹியொங்பியொங்சா என்ற இயக்கத்தைத் தோற்றுவித்தனர். தம் பிள்ளைகள் பாடசாலையிற் சேர்க்கப்படாமை அதற்கு ஒரு காரணம். ‘ஹியொங்பியொங்’ என்பது தராசின் சமநிலையைக் குறிக்கும் சொல். இறைச்சி நிறுத்த தராசையே சமத்துவத்தின் கொடியாக உயர்த்தினர் அம்மக்கள். உழைப்பின் கருவியிலிருந்து பிறந்த இச்சொல்லுக்கு ஈடான ஒரு படிமத்தை நம் புதுக்கவிஞர்கள் இன்னும் தேடிக்கொண்டிருக்கிறார்கள்.

கொரிய இலக்கியம் இதனைக் காணாது விடவில்லை. ஹொங் மியொங்-ஹூய் 1928 முதல் பத்திரிகையிலே தொடராக எழுதிய ‘இம் கொக்-ஜொங்’ என்னும் நாவலின் நாயகன், 16ஆம் நூற்றாண்டில் அரசை எதிர்த்த கசாப்புக் குலத்து வீரன். அந்நாவலை நம்மவர் அறியார். ஆனால் வேறொரு கொரியக் கதையை நன்கறிவர். ‘சுஜாத தியணி’ என்ற பெயரில் 2012இல் சிங்கள மொழியில் ரூபவாஹினியிற் காட்டத் தொடங்கிய தொடர், ஒருகொடவத்தை ஒழுங்கைகளை மாலை வேளையில் வெறிச்சோடச் செய்தது. அரண்மனைச் சமையற்காரியாயிருந்து மருத்துவச்சியாக உயர்ந்த ஒரு பெண்ணின் கதை அது. உழைப்பாலும் அறிவாலும் ஒரு பெண் உயர்வதைக் காட்டியமை அத்தொடரின் பெருமை, அதனை மறுப்பதற்கில்லை.

ஆயின் அதன் தொடக்கத்தை நினைவுகூர்க. சிறுமி பெக்ஜொங் குடியிருப்பில் வளர்கிறாள். கசாப்புக்காரன் மகளென இகழப்படுகிறாள். என் தந்தை கசாப்புக்காரர் அல்லர், அரச படைவீரர் என்று அவள் வெளியிட்டுவிடுகிறாள். அதனால் குடும்பம் அழிகிறது. அஃதாவது, இழிகுலம் அவளுக்கு ஒரு மாறுவேடம் மாத்திரமே. உண்மையில் அவள் அக்குலத்தவள் அல்லள். இந்த உத்தி நமக்கு நன்கு பழக்கமானது. மதுரைவீரனைச் சக்கிலியர் வளர்க்கலாம். ஆனால் அவன் பிறப்பு அரச குலத்ததாதல் வேண்டும். 1956இல் வந்த திரைப்படத்திலும் அப்படியே. தாழ்த்தப்பட்டவனைப் போற்ற விரும்பும் மேற்சாதி மனம், முதலில் அவனுக்கு ஒரு மேற்சாதிப் பிறப்பைக் கற்பித்துக்கொண்டே போற்றும். ஹொங்கின் நாயகன் கசாப்புக்காரனாகப் பிறந்து கசாப்புக்காரனாகவே நின்று எதிர்க்கிறான். இரண்டு படைப்புகளுக்குமிடையேயுள்ள தூரம், யதார்த்தத்துக்கும் ஆறுதற் கதைக்கும் உள்ள தூரமாகும்.

*

நமது பக்கம் திரும்புவோம். தமிழரின் தொல்லிலக்கியம் மாட்டை மறைக்கவில்லை. அகநானூறு, கொழுத்த ஆவைத் தின்ற மழவரைக் கூசாது கூறுகிறது. சிறுபாணாற்றுப்படையில், நல்லியக்கோடனிடம் செல்லும் பாணனுக்கு வழியிலே எயினக் குடியினர் புளிச்சோற்றையும் ஆமானின் சுட்ட இறைச்சியையும் அளிக்கின்றனர். ஆமான் என்பது காட்டுப்பசு. நெருப்பிலிட்ட இறைச்சி, சொல்லுக்குச் சொல் புல்கோகி. அதே நூலின் இறுதியில், வீமன் தந்த மடைநூலின் வழுவாத அடிசில் பற்றிய பேச்சும் வருகிறது. நூல்வழிச் சமைத்த அரண்மனை விருந்தையும், நூலறியாத வேடர் குடியின் சூட்டிறைச்சியையும் ஒரே பாட்டிலே, ஒன்றை ஒன்றுக்குக் கீழாக்காது வைத்த அப்புலவனின் நேர்மை போற்றத்தக்கது.

இங்கே எமது குற்றம் ஒன்றை ஒப்புக்கொள்ளல் வேண்டும். சில ஆண்டுகளுக்கு முன், உயர்தர வகுப்பிலே இப்பகுதியைப் படித்துக் காட்டியபோது, ‘ஆமான்’ என்ற சொல்லுக்கு ‘ஒருவகை மான்’ என்று பொருள் கூறி விரைந்து கடந்தோம். பல்கலைக்கழகத்திலே உரையோடு கற்றவர்க்கு உண்மைப் பொருள் தெரியாததன்று. வகுப்பிலிருந்த சில முகங்கள் சுளிக்கும், சில பெற்றோர் முறையிடுவர் என்ற அச்சமே காரணம். அந்த வகுப்பின் கடைசி வாங்கில் இம்மாணவனும் இருந்தான். அவனது வீட்டு ஞாயிற்றுக்கிழமை உணவுக்கு ஈராயிரமாண்டு இலக்கியத்தில் ஓரிடம் இருந்தது. அதனை அவனிடமிருந்து மறைத்தவர் நாமே. வார இதழின் மௌனத்தைச் சாடும் உரிமை, இதனைச் சொல்லிய பின்னரே எமக்கு உண்டு.

சங்க நூல்களை இவ்வாறு எடுத்துக்காட்டுவது, அக்காலத்தைப் பொற்காலமெனப் பாடுவதற்கன்று. ‘இழிசினன்’ என்ற சொல் புறநானூற்றிலேயே உண்டு. புலால் மறுத்தலை அறமெனக் கொண்ட மரபும் நம்முடையதே. திருக்குறளின் 26ஆம் அதிகாரம் அதனைப் பேசுகிறது. வள்ளலார் உயிரிரக்கத்தின் உச்சியில் நின்று பேசினார். உயிர்க்கொலை கண்டு உளம் நொந்து புலால் துறப்பவர் வணக்கத்துக்குரியவர். நாவலரின் பாலபாடங்கள் ஊட்டிய சைவ ஒழுக்கத்திலும் அவ்வறத்தின் சாயல் உண்டு. ஆனால் யாழ்ப்பாணத்துச் சமூகத்தில் அவ்வொழுக்கம் அறமாக மட்டும் நின்றதா என்பதே வினா. உயிருக்கு இரங்கும் அறம், உயிரினும் மேலான மனிதனைத் தேநீர்க் கடையின் வாசலில் நிறுத்தி வேறு பாத்திரத்தில் தேநீர் வார்த்தபோது இரங்கவில்லையே! 1966 ஒக்டோபர் 21இல் சுன்னாகத்திலிருந்து புறப்பட்ட ஊர்வலத்தை நாம் மறக்கலாகாது. டானியலின் ‘பஞ்சமர்’ கூறுவதும் அந்த இரக்கமின்மையின் கதையைத்தான். புலால் மறுத்தல், மனிதரை மறுத்தலுக்கு ஒரு போர்வையாகும்போது அது அறமாகாது.

இன்றைய கொழும்பில் தேநீர்க் கடை வாசல்கள் யாவர்க்கும் திறந்தே உள்ளன. ஆயினும் வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் வாடகை வீடு தேடிச் செல்வோரிடம், நீங்கள் சைவமா என்ற கேள்வி சிலவேளை கேட்கப்படுகிறது. கேட்பவர் உணவைப் பற்றித்தான் கேட்கிறார் என்று நம்புவதற்கு மிகுந்த வெகுளித்தனம் வேண்டும். அம்மாணவனின் தாயார் வேலை செய்யும் வீட்டிலே அவரது கைமணம் புகழப்படுகிறது. அதே கை ஞாயிற்றுக்கிழமை தன் வீட்டில் என்ன சமைக்கிறது என்பதை அவர் அங்கே வாய்விட்டுச் சொன்னதில்லை. “கேட்டா வேலை போயிரும் டீச்சர்” என்றார். பேரூரின் உணவரசியல் முழுவதும் அந்த மூன்று சொற்களில் அடங்கிவிட்டது.

இந்த மௌனத்தை அரசும் பயன்படுத்தத் தவறவில்லை. 2020 செப்டெம்பரில் மாடறுப்பைத் தடைசெய்யும் யோசனைக்கு இலங்கை அமைச்சரவை இணங்கியது. அதே முடிவில், உண்போருக்காக மாட்டிறைச்சியை இறக்குமதி செய்வதென்றும் கூறப்பட்டது. அந்நிய மண்ணில் அறுக்கப்பட்ட மாட்டின்மேல் எவருக்கும் இரக்கமில்லை. இந்நாட்டில் அறுக்கும் தொழிலாளியின்மேலும், அத்தொழிலோடு பெரிதும் இணைத்துப் பேசப்படும் முஸ்லிம் மக்கள்மேலும் மாத்திரமே அத்தடை பாயும். ஜொசொன் அரசின் கதையை இங்கே நினைவுகூர்தல் பொருந்தும். பசுவின் பெயரால் எழுந்த சட்டங்கள் பெரும்பாலும் மனிதரின்மேல் எழுந்த சட்டங்களே.

எதிர்த்திசையிலும் ஓர் உண்மை உண்டு. 2024இல் நோபல் பரிசு பெற்ற கொரிய எழுத்தாளர் ஹான் காங்கின் நாவல் ஒன்று தமிழில் ‘மரக்கறி’ என்ற பெயரில் வந்திருக்கிறது. புலாலை விட்டுவிட்ட ஒரு பெண்ணின் வாயிலே, குடும்பமே கூடி நின்று, தந்தை கையால் இறைச்சியைத் திணிக்கும் காட்சி அதில் வருகிறது. உண்ணாதே என்று தடுப்பதும், உண் என்று திணிப்பதும் ஒரே அதிகாரத்தின் இரு கைகளே. நாம் இறைச்சிக்காக வாதாடவில்லை. தன் தட்டில் என்ன இருக்கிறது என்பதை அச்சமின்றிப் பெயர்சொல்லும் உரிமைக்காகவே வாதாடுகிறோம்.

*

அவ்வாறாயின் நல்ல சமையற்குறிப்பு எவ்வாறிருத்தல் வேண்டும்? கொரியாவிலேயே ஓர் எடுத்துக்காட்டு உண்டு. 1670 அளவில், ஜாங் கியே-ஹியாங் என்ற மூதாட்டி ‘உம்சிக் திமிபாங்’ என்ற சமையல்நூலை எழுதினார். சீன எழுத்தே கல்வியின் அடையாளமாயிருந்த காலத்தில், பெண்கள் படிக்கக்கூடிய கொரிய எழுத்திலே அதனை எழுதினார். பலவகை மரக்கறிகளைக் கலந்து செய்யும் ஜாப்சேயின் பழைய முறையும் அதில் உண்டு. நூலின் முடிவிலே, கண்பார்வை மங்கிய நிலையில் இதனை எழுதினேன், பெண்மக்கள் பிரதிசெய்து கொள்ளலாம், ஆனால் நூலை எடுத்துச் செல்ல எண்ணாதீர்கள் என்ற பொருள்பட ஒரு குறிப்பும் வைத்தார். அந்தச் சில வரிகளில் ஒரு பெண்ணின் முதுமையும், கண்ணும், உழைப்பும், அறிவின்மேல் அவருக்கிருந்த உரிமையுணர்வும் புலனாகின்றன. எழுவாய் உள்ள எழுத்து அது.

நம்மிடையே 1951இல் வந்த மீனாட்சி அம்மாளின் ‘சமைத்துப் பார்’ நேர்மையான நூல். ஒரு பிராமணக் குடும்பத்தின் மரக்கறி உணவை, தானறிந்த அளவில், ஒளிவுமறைவின்றி அது எழுதிற்று, தலைமுறைகளுக்குப் பயன்பட்டது. அது எழுதாததற்காக அதனைக் குறைகூறல் முறையன்று. குறை, அந்த ஒரு குசினியையே தமிழரின் குசினி முழுவதுமெனக் கொண்டு, ஏனைய அடுப்புகளை எழுத்துக்கு வெளியே நிறுத்திய நமது பதிப்புலகத்தினுடையது.

மாணவனின் குறிப்பிலும் குறைகள் உண்டு. அளவுகள் ஒழுங்கில்லை, ஓரிடத்தில் உப்பை மறந்துவிட்டான், பிறகு பக்கவோரத்தில் ‘சோஸே உப்பு’ என்று எழுதித் திருத்தியிருக்கிறான். அவனிடமும் ஒரு மௌனம் உண்டு. தன் வலது முழங்கையிலுள்ள தீத்தழும்பைப் பற்றி அவன் ஒரு வரியும் எழுதவில்லை. கேட்டபோதும் பேச்சை மாற்றினான். எழுத்தில் வராத அந்த வரியை எழுதவைப்பதுதான் ஆசிரியர்களின், எழுத்தாளர்களின், இத்தகைய ஏடுகளின் கடமை. வார இதழ் மறைத்தது ஒரு மாட்டை; இவன் மறைத்தது தன்னையே. முன்னது கண்டனத்துக்குரியது; பின்னது நமது கண்களைத் திறக்க வேண்டியது.

சமைத்து முடித்தபின், சோற்றோடும் சலாது இலையோடும் பரிமாறினோம். மாணவனும் தாயாரும் வந்திருந்தனர். அடுத்த வீட்டு முஸ்லிம் பெண்மணியும் வந்தார். இறைச்சியை வாங்கித் தந்தவர் அவரே. தாயார் ஒரு வாய் உண்டு, “இனிப்பாத்தான் இருக்கு, ஆனா நல்லாத்தான் இருக்கு” என்றார். பிறகு, எவரையும் கேளாமல், ஒரு பச்சை மிளகாயைக் கிள்ளித் தட்டில் வைத்துக்கொண்டார். கொரிய அரண்மனைச் சமையற்காரிகள் கண்டிருந்தால் திகைத்திருப்பர். மக்கள் ஓர் உணவைத் தமதாக்கிக்கொள்ளும் முறை அதுதான்.

அவனது குறிப்பின் கடைசி வரியை இங்கே அவ்வாறே தருகிறோம்: ‘இது நாலு பேருக்குக் காணும். ஆறு பேர் வந்தால் கோவாவைக் கூட்டிப் போடு. ஒருத்தரையும் திருப்பி அனுப்பாதே.’ வியங்கோள் இல்லை, ஏவல். எதிரில் ஒரு மனிதன் இருக்கிறான் என்று தெரிந்து எழுதிய வாக்கியங்கள். இவற்றை இலக்கியமன்று என்போர், இலக்கியம் யாதென்பதை முதலில் நமக்கு விளக்கட்டும்.